இருபத்தேழு அங்குலம்

செருப்புக் கடைக்கு மேலே இரண்டாம் மாடி.
கதவுக் கண்ணாடியில் மூன்று பெயர்கள்:
கெஸ்லர், ப்ரூம், ஆன்ட்விக்.
என் பெயர் வரைபடத்தின் வலது மூலையில்
சின்னக் கட்டத்துக்குள் இரண்டெழுத்து.
வரைந்தவர்: ஏ.எச்.

ஐம்பத்து மூன்றில் டெட்ராய்ட்டைச் சுற்றிச்
சோள வயல்களில் வீடுகள் முளைத்தன.
வீடுகளுக்குள் பிள்ளைகள் முளைத்தார்கள்.
தொப்பியில் பனியோடு படியேறி வந்த
பள்ளி வாரியத்தார் கேட்டதெல்லாம்
தூண், மணிக்கூண்டு,
நீதிமன்றம் போல ஒரு முகப்பு.
கெஸ்லர் தீப்பெட்டி ஒன்றை
மேசையில் படுக்க வைத்தார்.
"இது போதும்."

ஜன்னலின் அடிவிளிம்பு எந்த உயரத்தில்?
கையேடு முப்பத்தாறு அங்குலம் என்றது.
ப்ரூம் என்னை மழலையர் நாற்காலியில் உட்கார வைத்தார்.
முழங்கால் தாடையில் இடித்தது.
"குனி. இன்னும் குனி. ஆறு வயசாகு."
அளவு நாடா என் கண்ணருகே நடுங்கியது.
இருபத்தேழு.
உட்கார்ந்த இடத்திலேயே புல் தெரியவேண்டும்,
பனி விழுவதைப் பார்க்க எந்தக் குழந்தையும்
கை தூக்கி அனுமதி கேட்கக் கூடாது
என்பது அவர் கட்சி.

பதினோரு பள்ளிகள். எல்லாவற்றிலும் இருபத்தேழு.

கூரை தட்டை, அதனால் ஒழுகியது.
ஃபென்விக் சாலைப் பள்ளியைக் கூட்டிப் பெருக்கும் டூடெக்
மார்ச் பிறந்தால் தொலைபேசியில் வாளிக் கணக்கு சொல்வார்.
"இன்னிக்கு ஒன்பது, மேடம்."
கெஸ்லரிடம் சொன்னால்
கூரையின் கோடு எவ்வளவு நேர் என்று
ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்.

ஒருமுறை வாளிகளைப் பார்க்க நானே போனபோது
சைரன் ஒத்திகை.
முப்பது பிள்ளைகள் மேசைக்கடியில் நுழைந்து
கண்ணாடிக்கு முதுகு காட்டி
பிடரியைக் கையால் பொத்திக்கொண்டார்கள்.
ஆசிரியை என்னைப் பார்த்தாள்.
தரையிலிருந்து உத்தரம்வரை
அந்தச் சுவர் முழுக்க நானாக நின்றேன்.
சைரன் ஓய்ந்தும் ஒரு பையன் வெளியே வரவில்லை.
திரும்பிப் படுத்திருந்தான்.
அங்கிருந்து வானம் பெரிசாம்.

எழுபத்து நான்கு. எண்ணெய் விலை ஏறியது.
கெஸ்லர் செத்துப்போயிருந்தார்,
ப்ரூம் ஃப்ளோரிடாவில் படகு ஓட்டிக்கொண்டிருந்தார்.
கதவில் மட்டும் மூன்று பெயர்;
உள்ளே ஆன்ட்விக்கும் நானும்.
ஐந்துக்கு இரண்டு வாக்கில் வாரியம் முடிவெடுத்தது,
ஃபென்விக் சாலையின் ஜன்னல்களை அடைப்பதென்று.
பழைய வரைபடம் எங்களிடம் இருந்ததால்
வேலையும் எங்களுக்கே வந்தது.

திறந்ததற்கு வாங்கியதைவிட
மூடுவதற்குக் கூலி அதிகம்.
நான் மறுக்கவில்லை. வாடகை மூன்று மாதம் பாக்கி.

விளக்கு மேசையில் பழைய தாள்.
இருபத்தாறு வயதில் நான் எழுதிய எண்கள்,
ஏழுக்கெல்லாம் இடுப்பில் ஒரு கோடு.
மேலே புதுத் தாள் ஒட்டி
ஒவ்வொரு கண்ணாடியாக அடித்துக்கொண்டே போனேன்.
பலகை, பஞ்சு, பலகை. நிறம்: மணல்.
நூற்றெழுபத்தாறு ஜன்னல்கள், நான்கு இரவுகள்.

ஆகஸ்டில் டூடெக் கூப்பிட்டார்.
"ஒண்ணு மிச்சம் இருக்கு, மேடம்.
ஏழாம் ரூம்ல, கைகழுவற தொட்டிக்குப் பக்கத்துல.
பிளான்ல இல்லேன்னு மேஸ்திரி விட்டுட்டுப் போயிட்டான்."

தாளை எடுத்து எண்ணினேன்.
நூற்றெழுபத்தைந்து.
மறுபடி எண்ணினேன்.
தவறவிட்டேனா, விட்டுவைத்தேனா,
எனக்கே நிச்சயமில்லை இன்றுவரை.
ஆன்ட்விக்குக் கண்புரை.
சரிபார்த்தவர் என்ற கட்டம் காலி.

"வாரியத்துல சொல்லிடட்டுமா?"
"அந்த ரூம்ல யாரு?"
"ஒண்ணாம் வகுப்பு."

கொஞ்ச நேரம் இருவரும் பேசவில்லை.
அவர் பக்கத்தில் மழை பெய்துகொண்டிருந்தது,
தகரத்தில் சொட்டும் சத்தம்
கம்பி வழியே தெளிவாகக் கேட்டது.

இன்று எத்தனை வாளி என்று கேட்டேன்.